கொண்டல் யாளியும் பதினெட்டுப் பேரும்

ஒரு ஊர்ல ஒரு ரோடுகூட இல்ல.

ஏன்னு கேளு. அந்த ஊரே ஏழு குன்று. ஒவ்வொரு குன்று மேலயும் கொஞ்சம் வீடு. குன்றுக்கும் குன்றுக்கும் நடுவுல பாதாளம். எட்டிப் பாத்தா மஞ்சுதான் தெரியும், அடி தெரியாது. ஒரு குன்றுல பள்ளிக்கூடம், ஒண்ணுல சந்தை, ஒண்ணுல ஆஸ்பத்திரி, இன்னொண்ணுல நூல் மில். அப்போ காலையில எழுந்தா எப்படிப் போவாங்க, வருவாங்க? படி வெட்டி வெச்சிருந்துச்சு. ஆனா ஒரு குன்றுலேர்ந்து இறங்கி அடுத்ததுல ஏற அரை நாள் ஆகும். யாரு நடப்பா.

அதனால யாளியில போவாங்க.

யாளி நீ பாத்திருக்கியே. கோயில் தூண்ல நிக்குமே, சிங்க உடம்பு, யானைத் தும்பிக்கை, முழியைப் பிதுக்கிக்கிட்டு. அத்தை வேண்டாம் வேண்டாங்கறேன், நீ அது வாய்க்குள்ள கைய விட்டு அந்தக் கல் உருண்டைய உருட்டினே. அதேதான். ஆனா தூண்ல இருக்கறதுக்கு றெக்கை இல்ல. அந்த ஊர் யாளிக்கு உண்டு. ஒரு பக்கத்து றெக்கைய விரிச்சா நம்ம வாசல்லேர்ந்து பால் பூத் வரைக்கும் வரும். விரிக்கறப்போ படக்னு ஒரு சத்தம் கேக்கும், காத்துல பந்தல் துணி அடிக்குமே, அது மாதிரி.

ம் சொல்லு. ம் சொல்லலைன்னா அத்தை நிறுத்திடுவேன்.

ஆங். மத்தபடி எல்லாம் நம்ம பஸ் மாதிரிதான். டிப்போ உண்டு. ஸ்டாப் உண்டு. ஸ்டாப்புல நின்னுக்கிட்டு இன்னும் வந்தபாடில்லைன்னு திட்டறவங்க உண்டு. யாளி வயித்துக்குக் கீழ நீளமா ஒரு மூங்கில் பெட்டி, வடம் போட்டுக் கட்டித் தொங்கும். சனங்க அதுல ஏறிக்குவாங்க. டிரைவர் கிடையாது, யாளிக்கே வழி தெரியும். கண்டக்டர் மட்டும் உண்டு. கண்டக்டருக்கு எடம் எங்கன்னா யாளி கழுத்து மேல, காதுக்குப் பக்கத்துல.

எதுக்குக் காதுக்குப் பக்கத்துல? சொல்றேன் கேளு.

பெட்டி வயித்துக்குக் கீழ இருக்கா? யாளியால குனிஞ்சு பாக்க முடியாது. எத்தனை பேர் ஏறியிருக்காங்கன்னு அதுக்குத் தெரியாது. அதனால கண்டக்டர் தலைய எண்ணிட்டு வந்து காதுக்குள்ள சொல்லணும். பதினாலுன்னா பதினாலு. யாளி அதைக் கேட்டு ம்னு சொல்லும், இப்ப நீ சொன்னியே அப்படி. சொல்லிட்டு ஸ்ஸ்ஸ்ஸ்னு மூச்சை இழுக்கும். பதினாலு பேருக்கு எவ்வளவு மூச்சு வேணுமோ அவ்வளவு. ஏழு பேர்னா அதுல பாதி. ஏன்னா பறக்கறப்போ யாளியால மூச்சு வாங்க முடியாது. இந்தக் குன்றுல இழுத்த மூச்சுதான் அந்தக் குன்று போய்ச் சேர்ற வரைக்கும். அப்போ அந்த எண்ணு எவ்வளவு முக்கியம் பாத்துக்க.

யாளி வளந்து முதல் தடவை பெட்டி தூக்கற அன்னிக்கு ஊரே கூடி நிக்கும். யாளி ஒரு சுத்து பறந்துட்டு வந்து, தன் எண்ணைத் தானே சொல்லும். நான் பன்னெண்டு. நான் பதினஞ்சு. அவ்வளவு பேரைத் தூக்குவேன்னு அர்த்தம். அதைச் செப்புத் தகட்டுல வெட்டிக் கழுத்துல கட்டிடுவாங்க. அதுக்கு மேல ஒரு ஆள்னு காதுல விழுந்தாலும் எழும்பாது. முட்டிய மடக்கிக்கிட்டு தொம்முனு உக்காந்துடும். அப்புறம் யாரு கெஞ்சினாலும் கேக்காது.

அப்புறம் வயசாகி, சொன்ன எண்ணைத் தூக்க முடியலைன்னு தெரியற அன்னிக்கு, யாரும் போன்னு சொல்ல வேண்டாம், அதுவே போயிடும். ஏழு குன்றுக்கும் அந்தப் பக்கம் மொட்டைப்பாறைன்னு ஒண்ணு உண்டு. அங்க போய் றெக்கைய மடிச்சு உக்காந்துக்கும். தீனி எடுக்காது, தண்ணி குடிக்காது. யாரும் போய்க் கூப்பிட மாட்டாங்க. கூப்பிடறது மரியாதை இல்லைன்னு அந்த ஊர்ல ஒரு வழக்கம். அறுபது வயசு, எழுவது வயசு யாளிதான் அப்படிப் போகும்.

இல்ல, நம்ம பஸ்ஸெல்லாம் அப்படிப் போகாது. அதைக் காயலான் கடையில போடுவாங்க. நீ கதையக் கேளு.

அப்போ அந்த டிப்போவுல கொண்டல்னு ஒரு யாளி. வயசு முப்பது. யாளிக்கு முப்பதுன்னா நம்ம கணக்குல காலேஜ் முடிச்ச பையன் மாதிரி. அதோட எண் பதினெட்டு. ஏழு குன்றுலயும் அவ்வளவு பெரிய எண் வேற யாளிக்குக் கிடையாது. அதுக்கு அதுல கொஞ்சம் பெருமை உண்டு. நடக்கறப்போ வேணும்னே கழுத்தை ஆட்டித் தகட்டை ஒலிக்க விடும், கிணிங் கிணிங்னு.

அதோட கண்டக்டர் பேரு உமையாள். பத்தொன்பது வயசுல வேலைக்குச் சேந்தவ, ஒன்பது வருஷமா கொண்டல் கழுத்துலதான் உக்காந்திருக்கா. எண்ணைச் சொல்ற அந்த ஒரு நாளைத் தவிர யாளிங்க எல்லார்கிட்டயும் பேசாது, அவங்கவங்க கண்டக்டர்கிட்ட மட்டுந்தான் பேசும். அதுவும் ரெண்டு வார்த்தை. பசிக்குது. வடம் உறுத்துது. அப்படி. ஆனா கொண்டல் உமையாள்கிட்ட வேற விஷயமும் பேசும். நேத்து என் றெக்கை நெழல் ஒரு எருமை மேல விழுந்துச்சு, அது பயந்துடுச்சுன்னு சொல்லும். இவ சிரிப்பா. இவளும் தன்னோட சங்கதியெல்லாம் அதுகிட்டதான் சொல்லுவா. எல்லாத்துக்கும் அது ம்னு சொல்லும்.

அந்தப் பெட்டியில தெனம் வர்றவங்கள்ல குருவம்மான்னு ஒரு தயிர்க்காரி உண்டு. சரியான வாய். உன் யாளி ஒரு தும்மல் தும்முச்சுன்னா என் தயிரெல்லாம் மோராயிடுது, நஷ்டத்தை டிப்போ குடுக்குமா, நீ குடுப்பியாம்பா. மோரா வித்துக்க குருவக்கா, அதுக்கும் ஆள் இருக்கும்பா உமையாள். தெனம் இந்தச் சண்டை இல்லாம வண்டி எடுக்காது.

ம். முழிச்சிட்டுதான் இருக்கே.

அப்போ ஒரு ஆவணி மாசம், நல்ல முகூர்த்த நாள். சந்தைக் குன்று ஸ்டாப்புல பதினெட்டுப் பேர் ஏறியாச்சு. உமையாள் கழுத்துல கால் வைக்கப் போறா, தடதடன்னு ஒருத்தன் ஓடி வர்றான். பட்டு வேட்டி, நெத்தி நெறையச் சந்தனம், ஒரு கால்ல செருப்பு இருக்கு, ஒரு கால்ல இல்ல. யாருன்னு பாத்தா மாப்பிள்ளை. வெள்ளியங்கிரின்னு பேரு. கல்யாணம் ஆஸ்பத்திரிக் குன்றுல. அவன் செருப்பைத் தேடிக்கிட்டு இருக்கறப்போ வீட்டாளுங்க மூணு யாளியில பிரிஞ்சு ஏறிப் போயிட்டாங்க. ஒவ்வொரு பெட்டிக்காரங்களும் மாப்பிள்ளை அடுத்த பெட்டியில வர்றான்னு நெனச்சுக்கிட்டாங்க.

சிரிக்கறியா? பெட்டியில இருந்தவங்களும் சிரிச்சாங்க. ஆனா ஒருத்தரும் இறங்கல. இறங்குங்களேன்னு உமையாள் கேட்டுப் பாத்தா. மில்லுக்குப் போறவன் சங்கு ஊதிடும்னான். நான் இறங்கினா தயிர் புளிச்சுடும், தாலி நாளைக்குக் கட்டினாலும் தாலிதான்னா குருவம்மா. மாப்பிள்ளை கண்ணுல தண்ணி வந்துடுச்சு. அப்போ குருவம்மாதான், யாளி காதுல விழாத மாதிரி கொரலைத் தாழ்த்திக்கிட்டுச் சொன்னா.

"அடியே, ஒரே ஒரு ஆளு. ஒட்டடைக் குச்சி மாதிரி இருக்கான். அதுகிட்டப் பதினெட்டுன்னே சொல்லேன். அது குனிஞ்சு எண்ணிப் பாக்கவா போகுது?"

கண்ணு, அந்த ஊர்ல அதுக்கு முன்னாடி யாருக்கும் அப்படித் தோணினதே இல்ல. எத்தனையோ பொய் சொல்லுவாங்க. எட்டு வயசுப் புள்ளைய நாலு வயசும்பாங்க. ஆனா அந்த எண்ணுல மட்டும் யாரும் கை வெச்சதில்ல. உமையாள் மாப்பிள்ளையைப் பாத்தா. அவன் ஒத்தைச் செருப்பைப் பாத்தா. அப்புறம் ஏறிக்கன்னு தலைய ஆட்டிட்டு, கழுத்துல போய் உக்காந்து, காதுல பதினெட்டுன்னு சொன்னா.

ம்னுச்சு கொண்டல். ஸ்ஸ்ஸ்ஸ். படக்.

போற வழியில லேசா ஒரு குலுங்கல், அவ்வளவுதான். போய்ச் சேந்தாச்சு. கல்யாணம் நடந்துச்சு. கல்யாண வீட்டுலேர்ந்து ஒரு கட்டு கரும்பு குடுத்தனுப்பினாங்க. கொண்டல் கரக் மொரக்னு தின்னுச்சு. எதுக்கு இதுன்னு கேட்டுச்சு. சும்மா குடுத்தாங்கன்னு சொன்னா.

அப்போ டிப்போ மேனேஜர் ஒருத்தர் இருந்தாரு, பிச்சாண்டின்னு. அவர் காதுக்கு விஷயம் போயிடுச்சு. உமையாள் போய் நின்னா. அவர் திட்டவே இல்ல. டீ வரவழைச்சுக் குடுத்தாரு. பத்தொன்பதைத் தூக்கிடுச்சான்னு ரெண்டு தடவை கேட்டாரு.

மறுவாரம் ரெண்டு யாளிக்குப் பாதத்துல புண்ணு. ஸ்டாப்புல கூட்டம். பிச்சாண்டி வந்து இன்னிக்கு மட்டும் இருபது ஏத்திக்கம்மான்னாரு. ஏத்தினா. பதினெட்டுன்னா. பள்ளிக்கூடத்துல பரீட்சை, இந்த வாரம் மட்டும் இருபத்திரண்டு. ஏத்தினா. பதினெட்டுன்னா. அப்புறம் அந்த மட்டும்ங்கற வார்த்தை நின்னுபோச்சு. பெட்டியைப் பெருசா பின்னிக்கிட்டு வந்து மாட்டினாங்க. இருபத்தாறு பேர். தகட்டுல பதினெட்டு, காதுல பதினெட்டு, பெட்டியில இருபத்தாறு.

இவளுக்கு ஒரு நாள் மனசு கேக்காம, என்னால முடியாது சார்னு போய்ச் சொன்னா. பிச்சாண்டி கோவப்படவே மாட்டாரு, அதான் அவர்கிட்ட உள்ள விசேஷம்.

"நீ ஒரு மாப்பிள்ளைக்காகச் சொன்னே. நான் ஊருக்காகச் சொல்லச் சொல்றேன். இதுல எது தர்மம், நீயே சொல்லும்மா" அப்படின்னாரு.

இவ திரும்பி ஸ்டாப்புக்கே வந்துட்டா.

அப்புறம் கொண்டல் மூணு தடவை கேட்டுச்சு.

முதல் தடவை, மில் குன்றுல இறங்கி, புஸ்ஸு புஸ்ஸுன்னு மூச்சு வாங்கிக்கிட்டு நிக்குது. உமையா, காத்து மாறிடுச்சான்னு கேட்டுச்சு. இவ ஆமா, ஐப்பசி பொறந்தாச்சுல்ல, ஈரக் காத்து கனமாதான் இருக்கும்னா. கொண்டல் வானத்தை மோந்து பாத்துச்சு. காத்து காய்ஞ்சுதான் கிடந்துச்சு. ஆனா இவ சொல்லிட்டாளே. ம்னுச்சு.

ரெண்டாவது தடவை, கார்த்திகை. எனக்குள்ள ஏதோ நோவு இருக்கு, வைத்தியரைக் கூட்டிட்டு வான்னுச்சு. வைத்தியர் வந்தாரு. நாக்கை நீட்டச் சொன்னாரு, றெக்கைய அமுக்கிப் பாத்தாரு, நெஞ்சுல காதை வெச்சுக் கேட்டாரு. இரும்பு மாதிரி இருந்துச்சு உடம்பு. அவருக்கு என்ன நோவுன்னு தெரியும் கண்ணு. அவரே அந்தப் பெட்டியிலதான் வந்து இறங்கினாரு, இருபத்தாறுல ஒருத்தரா. உமையாளைப் பாத்தாரு. உமையாள் கீழ பாத்தா. உடம்புல ஒண்ணுமில்ல, கொஞ்சம் மனசுதான் சோந்திருக்குன்னு சொல்லி ஒரு பச்சிலை உருண்டை குடுத்துட்டுப் போனாரு. கசக்குமாம் அது. கொண்டல் ஒரு வேளை விடாமத் தின்னுச்சு.

மூணாவது தடவை நடு ஆகாசத்துல.

கீழ மஞ்சு. மில் குன்றுக்கு இன்னும் பாதி தூரம். அடிவயிறு எக்கி எக்கி அடங்குது. றெக்கை படபடன்னு அடிக்க வேண்டியது, படக், அப்புறம் கொஞ்ச நேரம் கழிச்சு படக். நான் சொன்னேனே, பறக்கறப்போ யாளிக்கு இருக்கற மூச்சுதான் மூச்சு. பேசினா அதுவும் போயிடும். அதனால எந்த யாளியும் ஆகாசத்துல வாயைத் தொறக்காது. கொண்டல் தொறந்துச்சு.

"உமையா. பதினெட்டுதானே?"

இவ என்ன சொல்லுவா? இருபத்தாறுன்னு சொன்னா அது முட்டிய மடக்கிடும். மடக்கினா எல்லாரும் பாதாளத்துல. குருவம்மா உக்காந்திருக்கா, மில்லு ஆளுங்க இருக்காங்க, பள்ளிக்கூடத்துப் புள்ளைங்க ஆறு பேர் இருக்கு.

பதினெட்டுதான்னு சொன்னா.

கொண்டல் கழுத்தை முன்னால நீட்டிக்கிட்டு, பல்லைக் கடிச்சுக்கிட்டு, எப்படியோ போய்ச் சேந்துச்சு. இறங்கறப்போ சறுக்கிடுச்சு. கர்ர்ர்ர்னு பெட்டி பாறையில தேய்ஞ்சு, ஒரு பக்கம் மூங்கில் தெறிச்சு, குருவம்மா தயிர்ப்பானை மளார்னு உடைஞ்சுது. யாருக்கும் உயிருக்கு ஒண்ணும் இல்ல. ஒருத்தனுக்கு முழங்கை சிராய்ச்சுது. எல்லாரும் இறங்கி நின்னுக்கிட்டு கத்தறாங்க. கெழட்டு யாளியை எதுக்கய்யா லைன்ல விடறீங்க, இதெல்லாம் பாறைக்குப் போக வேண்டிய கேஸுன்னு ஒருத்தன் சொல்றான். கொண்டல் காதுல அதெல்லாம் விழுது.

கூட்டம் கலைஞ்சப்புறம் அது உமையாள்கிட்டக் கழுத்தை நீட்டுச்சு. தகட்டைக் கழட்டுன்னுச்சு.

ஏன்னு கேட்டா இவ. பதினெட்டைத் தூக்க முடியலையேன்னுச்சு. மெதுவா, வெக்கமா. தப்புப் பண்ணிட்டு வீட்டுக்கு வர்றப்போ வாசல்லயே நிப்பியே, அந்த மாதிரி நின்னுச்சு.

என்ன கேட்டே? அப்பவாவது சொல்லியிருக்கலாமே, அதானே? சொல்லியிருக்கலாம். வாயைத் தொறந்தா. பக்கத்துல பிச்சாண்டி வந்து நிக்கறாரு. உடைஞ்ச பானையை வெச்சுக்கிட்டுக் குருவம்மா நிக்கறா. சொன்னா, நாலு மாசமா சொன்ன எண்ணும் பொய்யி, காத்துன்னதும் பொய்யி, பச்சிலையும் பொய்யின்னு அதுக்குத் தெரிஞ்சுடும். நாளைக்குத் தனியா இருக்கறப்போ சொல்லிக்கலாம்னு நெனச்சா. நெனச்சுக்கிட்டே முடிச்சை அவுத்தா. தகடு அவ கைக்கு வந்துடுச்சு.

மறுநாள் விடிஞ்சு வந்து பாத்தா கொட்டடி காலி. தீனி வெச்சது வெச்சபடி இருக்கு.

ம்.

அப்போ உமையாள் பிச்சாண்டிகிட்ட ஓடினா. ஊரைக் கூட்டிச் சொல்லுங்க சார், அதுக்கு வயசாகல, நாமதான் ஏத்தினோம்னு சொல்லுங்க, மேனேஜர் நீங்க வந்து சொன்னா நம்பும்னா. அவர் சொன்னாராம், நான் எந்த யாளிகிட்டயும் எந்த எண்ணும் சொன்னதில்லையேம்மா, சொன்னது உன் வாய்தானேன்னு. அதுவும் நெசந்தான்.

அப்புறம் ஸ்டாப்புக்குப் போய் நின்னா. யாராவது ஒரு பத்துப் பேர் என்கூட மொட்டைப்பாறைக்கு வாங்க, நாங்க இருபத்தாறு பேர் ஏறினோம்னு அதுகிட்டச் சாட்சி சொல்லுங்கன்னு கேட்டா. அங்க யாளி லைன் கிடையாது, படியில இறங்கி ஏறணும், பாதி நாள். மில்லு ஆளுங்க லீவு இல்லைன்னாங்க. வெள்ளியங்கிரி, அவனும் அங்கதான் நின்னான் பொண்டாட்டியோட, அவன் வேற பக்கம் திரும்பிக்கிட்டான். பாறைக்குப் போன யாளியைக் கூப்பிடறது மரியாதை இல்லையேம்மான்னு ஒரு பெரியவர் சொன்னாரு. எல்லாரும் ஆமா ஆமான்னாங்க. குருவம்மா மட்டும் புதுப்பானையை இந்தக் கையிலேர்ந்து அந்தக் கைக்கு மாத்திக்கிட்டா. அப்போ வேற யாளி வந்துச்சு. ஏறிப் போயிட்டாங்க.

தூக்கம் வந்துடுச்சா? கொஞ்சந்தான் இருக்கு. இப்பவே தூங்கினாலும் சரிதான்.

உமையாள் தனியா நடந்தா. விடியக்காலையில கிளம்பி, படி இறங்கி, மஞ்சுக்குள்ள போய், அந்தப் பக்கம் ஏறி, உச்சி வெயிலுக்கு மொட்டைப்பாறைக்குப் போய்ச் சேந்தா. புல்லுகூட இல்ல அங்க. பழைய யாளிங்க எலும்பு வெள்ளையா அங்கங்க கிடக்கு. அதுக்கு நடுவுல கொண்டல் உக்காந்திருக்கு, றெக்கைய இறுக்கி மடிச்சுக்கிட்டு. எலும்புங்களுக்குப் பக்கத்துல அது அவ்வளவு எளசா இருந்துச்சாம்.

இவ முன்னால போய் நின்னா. சுத்தி வளைக்கல. நான் பொய் சொன்னேன், பெட்டியில பதினெட்டு இல்ல, இருபத்தாறுன்னா.

கொண்டல் கண்ணைத் தொறந்து பாத்துச்சு. றெக்கை மடிச்சது மடிச்சபடி இருந்துச்சு.

நம்ப மாட்டேங்குதோன்னு இவ வெரல் விட்டு எண்ண ஆரம்பிச்சா. குருவம்மா ஒண்ணு. வைத்தியர் ரெண்டு. மில்லு ஆளுங்க, ஒவ்வொருத்தன் பேரும். பள்ளிக்கூடத்துப் புள்ளைங்க, ஒவ்வொண்ணு பேரும், அப்பன் பேரும். ஒவ்வொரு பேருக்கும் கொண்டல் ம்னு சொல்லுது. இவ நெனச்சுக்கறா, நம்புது, நம்புதுன்னு. இருபத்தாறு வரைக்கும் சொல்லி முடிச்சா.

அப்போ கொண்டல் தும்பிக்கையைத் தூக்கி அவ தலை மேல வெச்சுச்சு.

"இவ்வளவு பேரையும் வழியெல்லாம் யோசிச்சுக்கிட்டே வந்தியா?" அப்படின்னுச்சு.

இல்ல, நெசம், சத்தியம்னா இவ. கொண்டல் சொல்லுச்சு, ஆஸ்பத்திரி லைன்ல எட்டு வருஷம் பறந்திருக்கேன் உமையா, பெட்டியில படுத்திருக்கறவங்ககிட்டக் கூட வர்றவங்க என்னென்ன சொல்லுவாங்கன்னு கேட்டுக்கிட்டே பறந்திருக்கேன், ஒண்ணுமில்ல, சரியாயிடும், நீ நல்லாத்தான் இருக்கேம்பாங்க, இப்ப நீ பேசறே பாரு, அதே கொரல்னுச்சு.

இவ அழுதா. வா, இப்பவே வா, பதினெட்டே பதினெட்டுப் பேரை ஏத்திக் காட்டறேன், தூக்கிப் பாரு, அப்புறம் நம்புன்னா.

"பத்துப் பேரை ஏத்திட்டுப் பதினெட்டும்பே. எனக்காக."

இவ அதுக்கு மேல என்ன எண்ணைச் சொல்றது? எந்த எண்ணைச் சொன்னாலும் அதுக்கு இப்ப ஒரே மாதிரிதான்.

கொண்டல் ரொம்ப அன்பா சொல்லுச்சாம், அதான் கடைசியா அது பேசினது.

"ஒன்பது வருஷம் நீ எனக்கு ஒரு எண்கூடத் தப்பாச் சொன்னதில்ல. இன்னிக்கு எனக்காகப் பொய் சொல்லப் பழகிக்காதே. நாளைக்கு உன் கையில வேற யாளியைக் குடுப்பாங்க. அது உன்னை நம்பணும்."

சொல்லிட்டுக் கண்ணை மூடிக்கிச்சு. இவ பக்கத்துலயே உக்காந்திருந்தா, வெயில் சாயற வரைக்கும். அப்புறம் எழுந்து படி இறங்கினா.

பதினோரு நாள் இருந்துச்சாம். குன்றுலேர்ந்து பாத்தா ஒரு கரும்புள்ளி மாதிரி தெரியுமாம் பாறை மேல. பன்னெண்டாவது நாள் கழுகுங்க சுத்துச்சு. ஊர்ல பேசிக்கிட்டாங்க, முன்ன மாதிரி இல்ல, இப்ப வர்ற யாளிங்களுக்குச் சத்து பத்தலைன்னு.

அப்புறம்? அப்புறம் உமையாளுக்கு வேற யாளி குடுத்தாங்க. பொட்டை யாளி, சின்னது, மின்னின்னு பேரு. எண் பதினாறு. முதல் நாள், சந்தைக் குன்று ஸ்டாப்பு. சலசலன்னு சனம் ஏறுது. இவ எண்ணிட்டு வந்து கழுத்துல உக்காந்தா. மின்னி காதைத் தூக்கிக் குடுத்துச்சு.

இருபத்தி நாலுன்னா உமையாள்.

தொம். மின்னி உக்காந்துடுச்சு.

பெட்டியில ஒரே கூப்பாடு. மில்லுச் சங்கு ஊதிடும்ங்கறான் ஒருத்தன். புள்ளைங்களுக்குப் பரீட்சைங்கறா ஒருத்தி. உமையாள் எட்டுப் பேர் இறங்குங்கன்னா. ஒருத்தரும் அசையல. குருவம்மா பெட்டியிலேர்ந்து தலைய நீட்டி, ஏண்டி, இத்தனை நாள் இல்லாத நெசம் இன்னிக்கு எங்களுக்கு மட்டும் எதுக்குடின்னு கேட்டா. உமையாள் மறுபடியும் காதுல சொன்னா, இருபத்தி நாலு. மின்னி அசையல. மறுபடியும் சொன்னா. வெயில் ஏறிடுச்சு.

அப்புறம் பிச்சாண்டி வந்தாரு. கோவப்படல. உமையாளை இறங்கச் சொல்லி, தோள்ல இருந்த பையை வாங்கிக்கிட்டாரு. ஒரு புதுப்பொண்ணு நின்னுச்சு, அன்னிக்குத்தான் வேலைக்குச் சேந்தது. அவளை ஏத்தி விட்டாரு. அந்தப் பொண்ணு பயந்து பயந்து மின்னி காதுல பதினாறுன்னு சொல்லுச்சு.

ம்னுச்சு மின்னி. ஸ்ஸ்ஸ்ஸ். படக்.

பெட்டியில இருந்தவங்க கை தட்டினாங்க.

இல்ல கண்ணு, வேற முடிவு கிடையாது. உமையாளா? அவ அப்புறம் யாளியில ஏறவே இல்ல. எங்க போனாலும் படியில நடந்துதான் போவா. வழியில யாரும் இருக்க மாட்டாங்க.

போதும். கதை இறங்கற எடம் வந்தாச்சு. போர்வையை இழுத்துக்க. கண்ணை மூடு. தூங்கு.